அத்தியாயம் 4: நெஞ்சோடு பேசப் பழகுதல்

வீட்டைப் பூட்டிக்கொண்டு தெருமுனை வரை போயிருப்பீர்கள். "கேஸை மூடினோமா?" என்று உள்ளே ஒரு கேள்வி எழும். "மூடினேனே." "நிஜமாவா? நல்லா ஞாபகம் இருக்கா?" திரும்பி வந்து பார்த்தால் மூடித்தான் இருக்கும். "அறிவிருக்கா உனக்கு? பஸ் போயிடுச்சு பாரு" என்று உள்ளேயே ஒரு வசவும் விழும். கேட்டது, பதில் சொன்னது, சந்தேகப்பட்டது, திட்டியது எல்லாம் நீங்கள்தான். அந்த இரண்டு நிமிடத்தில் வேறு யாரும் உங்களோடு பேசவே இல்லை.

இதைத்தான் உள்பேச்சு என்கிறோம். இந்த அத்தியாயத்தில் மூன்று வேலைகளைக் கற்றுக்கொள்வீர்கள்: உள்பேச்சைக் கேட்பது, அன்றாட வேலைக்கு அதைப் பயன்படுத்துவது, அது உங்களை வதைக்கும்போது அதன் தொனியை மாற்றுவது. குரலை அடக்க வேண்டும் என்று நான் சொல்லப்போவதில்லை. அது உங்களை எப்படிக் கூப்பிடுகிறது என்பதை மாற்றினாலே பாதி பாரம் இறங்கிவிடும். இந்த அத்தியாயம் முழுவதும் அந்த ஒன்றை நோக்கித்தான் போகிறது.

தேவையானவை

- சட்டைப் பையிலோ கைப்பையிலோ அடங்கும் சிறிய நோட்டு
- ஒரு பேனா
- அலாரம் வைக்கக்கூடிய போன்
- ஒரு நாளைக்குச் சுமார் 15 நிமிடம், மூன்று வாரத்துக்கு (எழுதித் தீர்க்கும் பயிற்சிக்கும் கவலை நேரத்துக்கும் மட்டும் கூடுதல் நேரம் வேண்டும்)

மூன்று வாரம் என்பது ஒரு வசதிக்காக வைத்த கணக்குதான். ஒரு வாரத்துக்கு ஒரு பழக்கம் என்று எடுத்துக்கொண்டால் குழப்பம் வராது.

## தொடங்கும் முன் தெரிய வேண்டிய இரண்டு விஷயம்

ஒன்று: இந்தக் குரல் வெளியிலிருந்து உள்ளே போனது. ரஷ்ய உளவியலாளர் லெவ் வைகாட்ஸ்கி குழந்தைகள் விளையாடும்போதும் படம் வரையும்போதும் தங்களுக்குத் தாங்களே பேசிக்கொள்வதைக் கூர்ந்து கவனித்தார். வேண்டிய வண்ணப் பென்சில் கிடைக்காமல் போவது போன்ற சிக்கல் வந்தால் அந்தப் பேச்சு கூடியது. முதலில் பெரியவர்கள் குழந்தையிடம் பேசுகிறார்கள். பிறகு குழந்தை அதே மாதிரி தன்னிடம் வாய்விட்டுப் பேசுகிறது. அது மெல்ல முணுமுணுப்பாகிக் கடைசியில் உள்ளுக்குள் போய்விடுகிறது என்பது அவருடைய விளக்கம். அவர் இறந்த 1934-ஆம் ஆண்டிலேயே இந்தக் கருத்துகள் நூலாக வந்தன. நமக்கு இதில் தேவையான செய்தி ஒன்றுதான்: கற்றுக்கொண்ட பேச்சை மாற்றிக் கற்கவும் முடியும்.

இரண்டு: எல்லோருக்கும் ஒரே மாதிரி இல்லை. அமெரிக்க உளவியலாளர் ரஸ்ஸல் ஹர்ல்பர்ட் 1970-களிலிருந்து ஒரு முறையைக் கையாண்டு வருகிறார். பங்கேற்பவரிடம் ஒரு பீப் கருவி இருக்கும். எதிர்பாராத நேரத்தில் அது ஒலிக்கும். அந்தக் கணத்தில் மனசில் என்ன இருந்தது என்று அவர் குறித்துக்கொள்ள வேண்டும். மாணவர்களிடம் நடத்திய ஓர் ஆய்வில், ஏறத்தாழக் கால்பங்கு தருணங்களில்தான் சொற்களாலான உள்பேச்சு இருந்தது. சிலருக்கு மிக அதிகம், சிலருக்கு அறவே இல்லை. மற்ற நேரங்களில் படங்களாக, உணர்ச்சியாக, சொல்லில்லாத யோசனையாக மனம் ஓடுகிறது. சைகை மொழியில் வளர்ந்த காது கேளாதவர்கள் உள்ளேயும் சைகையால் பேசிக்கொள்வதாகச் சொல்கிறார்கள். ஆகவே உங்களுக்குள் குரல் கேட்கவில்லை என்றால் அது குறை ஆகாது. இரண்டாம் வாரப் பயிற்சியிலிருந்து தொடங்குங்கள்.

## முதலில் பாதுகாப்பு

எந்தப் பயிற்சிக்கும் முன் இந்தப் பட்டியலைப் படித்துவிடுங்கள்.

- குரல் உங்களுடையதாகத் தோன்றாமல், காதுக்கு வெளியே வேறு யாரோ பேசுவதுபோல் கேட்டால், இந்தப் பயிற்சியைத் தொடங்க வேண்டாம். மனநல மருத்துவரைப் பாருங்கள். இதில் வெட்கப்பட எதுவும் இல்லை.
- "செத்துப்போகலாம்" என்ற எண்ணமோ, உங்களையோ பிறரையோ காயப்படுத்தச் சொல்லும் பேச்சோ வந்தால் நோட்டை மூடிவிட்டு உடனே ஒரு மனிதரிடம் பேசுங்கள். இந்தியாவில் டெலி மானஸ் உதவி எண் 14416, கட்டணமில்லை. இலங்கையில் தேசிய மனநல உதவி எண் 1926.
- சமீபத்தில் பெரிய இழப்போ விபத்தோ நடந்திருந்தால், அதைப் பற்றி எழுதும் பயிற்சியை இப்போது செய்யாதீர்கள். கேட்கும் பயிற்சி மட்டும் போதும்.
- வண்டி ஓட்டும்போது அலாரத்தை அணைத்து வையுங்கள். அடுப்படியிலும் இயந்திரத்தின் முன்னாலும் நிற்கும்போது அலாரம் அடித்தால், கையிலுள்ள வேலையை முடித்துவிட்டு எழுதுங்கள்.
- நோட்டு உங்களுடையது. பலர் புழங்கும் வீட்டில் அதை எங்கே வைப்பது என்று முதல் நாளே முடிவு செய்யுங்கள். மூன்று வாரமும் முடிந்த பிறகு கிழித்துப் போட்டாலும் பரவாயில்லை. பயிற்சியின் பலன் எழுதும்போதே கிடைத்துவிடும்.

## முதல் வாரம்: கேட்பது

இந்த வாரம் எதையும் திருத்தக் கூடாது. கேட்பது மட்டுமே வேலை.

படிகள்

1. காலை எழுந்ததும் போனில் அன்றைக்கு மூன்று அலாரம் வையுங்கள். நேரம் தாறுமாறாக இருக்கட்டும்: 10.40, 3.15, 8.50 என்பதுபோல். தினமும் மாற்றுங்கள்.
2. அலாரம் ஒலித்ததும், ஒலிப்பதற்குச் சற்று முன் மனசில் என்ன ஓடியது என்று பிடியுங்கள். அந்த ஒரு கணம் போதும். அன்று காலை முழுக்க என்ன நினைத்தீர்கள் என்று யோசிக்க வேண்டாம்.
3. சொல் இருந்ததா, படம் இருந்ததா, உணர்ச்சி மட்டுமா என்று ஒரு சொல்லில் குறியுங்கள்.
4. சொல் இருந்தால் அதை அப்படியே எழுதுங்கள்.
5. அந்தப் பேச்சு உங்களை எப்படிக் கூப்பிட்டது என்று பாருங்கள்: நான், நீ, டா, டி, நாம, உங்கள் பெயர், அல்லது எதுவுமில்லை. அதை வட்டமிடுங்கள்.
6. மூடி வைத்துவிட்டு வேலையைப் பாருங்கள். மொத்தம் ஒரு நிமிடம்.

நாலாவது படியில்தான் பெரும்பாலோர் வழுக்கி விழுகிறார்கள். நாம் பேசும் தமிழ் வேறு, எழுதும் தமிழ் வேறு. பேனாவை எடுத்ததும் கை தானாக எழுத்துத் தமிழுக்குப் போய்விடும். "நான் மிகவும் கவலையாக இருந்தேன்" என்று எழுதினால், நீங்கள் குறித்தது உங்கள் கருத்துரையை. உள்ளே உண்மையில் ஓடியது "அய்யோ போச்சு, அவ்ளோதான்" என்பதாக இருந்திருக்கும். வீட்டில் பேசுகிற பேச்சிலேயே எழுதுங்கள். மதுரைப் பேச்சோ யாழ்ப்பாணப் பேச்சோ, ஆங்கிலம் கலந்திருந்தால் கலந்தபடியே. பிழை திருத்த இங்கே ஆசிரியர் யாரும் இல்லை.

ஒரு நாள் பக்கம் இப்படி இருக்கலாம்:

> 10.40 – சொல். "அந்த மெயிலுக்கு இன்னும் பதில் போடல… திட்டப்போறார்." (அழைப்பு எதுவும் இல்லை)
> 3.15 – படம். ஊர் வீட்டுத் திண்ணை.
> 8.50 – சொல். "ஒழுங்கா ஒரு வேலை செய்யத் தெரியுதா உனக்கு?" (உனக்கு)

குறிப்பு: முதல் இரண்டு நாள் ஒன்றுமே பிடிபடாமல் போகலாம். மீனைப் பிடிக்கப் போய்த் தண்ணீரைக் கலக்கியது போலிருக்கும். மூன்றாம் நாளிலிருந்து கை பழகும்.

### வாரக் கடைசியில் தரம் பிரித்தல்

ஏழாம் நாள் நோட்டைத் திறந்து, சொல்லாக வந்த ஒவ்வொன்றுக்கும் பக்கத்தில் ஓர் எழுத்துப் போடுங்கள்.

- வே – வேலைப்பேச்சு: "முதல்ல பேங்க், அப்புறம் மளிகை." உங்களை நடத்திச் செல்வது.
- ஒ – ஒத்திகை: "அவர் இப்படிக் கேட்டா நான் இப்படிச் சொல்லணும்." நடக்கப்போவதை முன்கூட்டியே பேசிப் பார்ப்பது.
- தீ – தீர்ப்பு: "நீ எதுக்கும் லாயக்கில்ல." அல்லது "பரவால்ல, நல்லாத்தான் செஞ்சே."
- சு – சுழல்: நேற்று பேசியதையே இன்றும் பேசுவது. "அன்னிக்கு ஏன் அப்படிச் சொன்னேன்… ஏன் அப்படிச் சொன்னேன்…"

வேலைப்பேச்சை இரண்டாம் வாரத்தில் கூர்மையாக்குவோம். தீர்ப்பும் சுழலும் மூன்றாம் வாரத்துக்கு. ஒத்திகை அளவாக இருந்தால் நல்லது. ஒரே உரையாடலை மூன்று தடவைக்கு மேல் ஒத்திகை பார்த்தால் அதைச் சுழலில் சேர்த்துவிடுங்கள்.

தீர்ப்பு வரிகளைப் படிக்கும்போது இன்னொன்றையும் கேளுங்கள்: இது யாருடைய குரல்? "உருப்படுவியா நீ" என்ற வாக்கியத்தை நீங்களாக உருவாக்கியிருக்க வாய்ப்பில்லை. வகுப்பறையிலோ வீட்டுக் கூடத்திலோ யாரோ சொல்லக் கேட்டது. என் நோட்டில் முதல் வாரம் ஐந்து இடத்தில் "மண்டு" என்ற சொல் இருந்தது. எனக்கு ஐந்தாம் வகுப்பில் கணக்குச் சொல்லிக்கொடுத்தவரின் சொல் அது. நாற்பது ஆண்டாக அவர் வேலையை நான் செய்துகொண்டிருந்திருக்கிறேன் என்று அன்றுதான் புரிந்தது. யாருடைய குரல் என்று தெரிந்தால் பக்கத்தில் எழுதுங்கள். தெரியாவிட்டால் தோண்ட வேண்டாம்.

## இரண்டாம் வாரம்: வாய்விட்டுப் பேசுதல்

தனக்குத்தானே பேசுகிறவரைப் பார்த்து "மண்டை கழண்டுபோச்சா?" என்று கேட்பது நம் வழக்கம். ஆனால் சமையலறையில் நம் அம்மாக்கள் பேசிக்கொள்வதை நினைத்துப் பாருங்கள். "உப்புப் போட்டாச்சு. புளி கரைச்சாச்சு. பெருங்காயம்… இன்னும் போடல." பதினைந்து பேருக்குச் சமைக்கும் கையில் பிழை வராமல் காத்தது அந்த முணுமுணுப்புதான்.

ஜப்பானிய ரயில்வேயில் இதை ஒரு தொழில்முறையாகவே வைத்திருக்கிறார்கள். 'ஷிசா கான்கோ' என்று பெயர். சுட்டிக்காட்டிச் சொல்லுதல் என்று பொருள். ரயில் ஓட்டுநர் சிக்னலை விரலால் சுட்டி, அதன் நிலையை வாய்விட்டுச் சொல்கிறார். நடைமேடையில் நிற்கும் ஊழியர் தண்டவாளத்தைச் சுட்டி, தடையில்லை என்று அறிவிக்கிறார். பக்கத்தில் கேட்பதற்கு ஆள் இல்லாவிட்டாலும் சொல்கிறார். அங்குள்ள ரயில்வே தொழில்நுட்ப ஆய்வு நிறுவனம் 1990-களில் நடத்திய சோதனையில், ஓர் எளிய வேலையில் 100 செயலுக்கு 2.38 ஆக இருந்த பிழை, சுட்டிச் சொன்னபோது 0.38 ஆகக் குறைந்தது. கண், கை, வாய், காது நான்கும் ஒரே பொருளில் கூடுவதால் கவனம் நழுவ இடம் குறைகிறது.

### பயிற்சி 1: சுட்டிச் சொல்லுதல்

1. நீங்கள் அடிக்கடி சந்தேகப்படும் மூன்று செயல்களைத் தேர்ந்தெடுங்கள். கேஸ், பூட்டு, மாத்திரை என்று வைத்துக்கொள்வோம்.
2. செயலை முடித்ததும் அந்தப் பொருளை நேராகப் பாருங்கள்.
3. விரலால் சுட்டுங்கள்.
4. பொருளின் பெயரையும் நிலையையும் வாய்விட்டுச் சொல்லுங்கள்: "கேஸ், மூடியாச்சு." "ராத்திரி மாத்திரை, போட்டாச்சு."
5. விலகுங்கள். ஒரு தடவைதான். திரும்பச் சொல்லக் கூடாது.

எச்சரிக்கை: ஐந்தாம் படியை மீறாதீர்கள். ஐந்து தடவை, பத்து தடவை சரிபார்க்காமல் இருக்க முடியவில்லை, அதனாலேயே வேலைக்குத் தாமதமாகிறது என்றால் அது மறதி அல்ல. இந்தப் பயிற்சியை நிறுத்திவிட்டு மனநல மருத்துவரிடம் சொல்லுங்கள். அதற்கு நல்ல சிகிச்சை இருக்கிறது.

### பயிற்சி 2: புதிய வேலையைக் கற்றுக்கொள்ளுதல்

1971-இல் டொனால்ட் மைக்கன்பாம், ஜோசப் குட்மன் இருவரும் அவசரப்பட்டுத் தவறு செய்யும் சிறுவர்களுக்குத் தங்களிடம் தாங்களே பேசச் சொல்லிக்கொடுத்தார்கள். அந்த வரிசை பெரியவர்களுக்கும் பொருந்தும். கார் ஓட்ட, தையல் மெஷின் பழக, புதிய மென்பொருளில் வேலை செய்ய இப்படிச் செய்யுங்கள்:

1. தெரிந்தவர் ஒருவர் வேலையைச் செய்துகொண்டே ஒவ்வொரு படியையும் வாய்விட்டுச் சொல்லட்டும். நீங்கள் பார்த்துக் கேளுங்கள்.
2. அவர் சொல்லச் சொல்ல நீங்கள் செய்யுங்கள்.
3. நீங்களே வாய்விட்டுச் சொல்லிக்கொண்டு செய்யுங்கள்.
4. முணுமுணுத்துக்கொண்டு செய்யுங்கள்.
5. உதடு அசையாமல் மனசுக்குள் மட்டும் சொல்லிக்கொண்டு செய்யுங்கள்.

ஒரு படி தடுமாறினால் அதற்கு முந்தைய படிக்குப் போங்கள். மூன்றிலிருந்து ஐந்துக்குத் தாவுவதுதான் இங்கே வழக்கமான தவறு.

படிகளோடு ஒரு திருத்த வாக்கியத்தையும் சேர்த்துக்கொள்ளுங்கள்: "தப்பாப் போச்சு, பரவால்ல, நிறுத்தி மெதுவாப் பண்ணு." தவறு செய்யும் கணத்தில் சொல்ல ஒன்று கையில் தயாராக இருந்தால் வசவு அந்த இடத்தைப் பிடிக்காது.

குறிப்புகள்

- தொலைந்த பொருளைத் தேடும்போது அதன் பெயரைச் சொல்லிக்கொண்டே தேடுங்கள்: "சாவி, சாவி." எப்படி இருக்கும் என்று நன்றாகத் தெரிந்த பொருளுக்கு இது உதவுகிறது என்று கேரி லுப்யன், டேனியல் ஸ்விங்லி 2012-இல் வெளியிட்ட ஆய்வு காட்டியது.
- வீட்டுப்பாடம் எழுதும் குழந்தை முணுமுணுத்தால் "வாயை மூடிட்டு எழுது" என்று அதட்டாதீர்கள். அது யோசிக்கும் சத்தம்.
- ரகசிய எண், ஓடிபி, கணக்கு எண் இவற்றை வெளியிடத்தில் வாய்விட்டுச் சொல்லாதீர்கள்.
- பக்கத்தில் ஆள் இருந்தால் சுட்டுவிரலை அசைத்து, உதட்டுக்குள் சொன்னால் போதும்.

## மூன்றாம் வாரம்: அழைப்பை மாற்றுதல்

இப்போது முதல் வார நோட்டைத் திரும்ப எடுங்கள். வட்டமிட்ட அழைப்புச் சொற்கள்தான் இந்த வாரத்தின் வேலை.

மிச்சிகன் பல்கலைக்கழகத்தின் ஈதன் கிராஸும் உடன் ஆய்வாளர்களும் 2014-இல் ஓர் ஆய்வை வெளியிட்டார்கள். பங்கேற்றவர்கள் மேடைப்பேச்சுக்கு அவசரமாகத் தயாராக வேண்டும். ஒரு சாரார் 'நான்' என்று சொல்லித் தங்கள் பதற்றத்தை யோசித்தார்கள். இன்னொரு சாரார் தங்கள் பெயரையோ 'நீ' என்பதையோ பயன்படுத்தி யோசித்தார்கள். இரண்டாம் சாரார் நன்றாகப் பேசினார்கள். பேசி முடித்த பிறகு அதையே நினைத்து மருகியதும் அவர்களிடம் குறைவு. நண்பனுக்கு யோசனை சொல்லும் தூரத்தில் நின்று தன்னைப் பார்க்க அந்த அழைப்பு உதவுகிறது.

தமிழில் இந்த வழி பழகிய வழிதான். திருக்குறளின் 125-ஆம் அதிகாரத்துக்கு 'நெஞ்சொடு கிளத்தல்' என்று பெயர், 130-ஆம் அதிகாரத்துக்கு 'நெஞ்சொடு புலத்தல்'. பிரிவிலும் ஊடலிலும் தலைவி தன் நெஞ்சை எதிரில் நிறுத்தி, "நெஞ்சே" என்று கூப்பிட்டு, கேள்வி கேட்கிறாள், கோபிக்கிறாள், வழி கேட்கிறாள். துயரத்தைத் தனக்கு முன்னால் உட்காரவைத்துப் பேசும் பழக்கம் அது.

ஆனால் 'நீ' என்று கூப்பிட்டால் மட்டும் போதாது. "ஒழுங்கா ஒரு வேலை செய்யத் தெரியுதா உனக்கு" என்பதிலும் 'நீ'தான் இருக்கிறது. நம் மொழியில் ஒரே 'நீ'க்குப் பின்னால் 'டா' போட்டு அடிக்கவும் முடியும், 'பா', 'மா', 'கண்ணு' போட்டு அணைக்கவும் முடியும். அந்த 'டா'வே நண்பன் வாயில் அன்பாகவும் இருக்கும். எனவே தொனியையும் சேர்த்தே மாற்றுங்கள்.

### பயிற்சி 3: பெயர் தேர்வு

1. உங்களை இதுவரை யார் யார் எந்தெந்தப் பெயரில் கூப்பிட்டார்கள் என்று எழுதுங்கள். பள்ளிப் பெயர், வீட்டுச் செல்லப் பெயர், நண்பர்கள் வைத்த பெயர் எல்லாம்.
2. ஒவ்வொன்றையும் மெல்ல வாய்விட்டுச் சொல்லுங்கள். உடம்பு எதற்கு இளகுகிறது, எதற்கு இறுகுகிறது என்று பாருங்கள்.
3. உங்கள்மேல் உண்மையான அக்கறை உள்ள ஒருவர் கூப்பிட்ட பெயரைத் தேர்ந்தெடுங்கள். பாட்டி கூப்பிட்டதாக இருக்கலாம், கல்லூரித் தோழி கூப்பிட்டதாக இருக்கலாம்.
4. எந்தப் பெயரும் ஒட்டவில்லை என்றால் "நெஞ்சே" என்றோ "மனசே" என்றோ வைத்துக்கொள்ளுங்கள்.

### பயிற்சி 4: தீர்ப்பைத் திருப்பி எழுதுதல்

1. முதல் வார நோட்டிலிருந்து 'தீ' போட்ட வரிகளில் ஒன்றை எடுங்கள். மிகக் கொடுமையானதை முதலில் எடுக்க வேண்டாம். நடுத்தரமான ஒன்று போதும்.
2. அந்த வரி சொல்லும் நடந்த செய்தி என்ன என்று தனியாக எழுதுங்கள். வசவை நீக்கினால் மிஞ்சுவதுதான் செய்தி.
3. தேர்ந்தெடுத்த பெயரால் உங்களைக் கூப்பிடுங்கள்.
4. செய்தியை ஒப்புக்கொள்ளுங்கள். மறைக்காதீர்கள்.
5. அடுத்து செய்யக்கூடிய ஒரே ஒரு காரியத்தைச் சொல்லுங்கள்.
6. முழு வாக்கியத்தையும் வாய்விட்டு ஒரு தடவை படியுங்கள். உங்கள் நண்பரிடம் இதே தொனியில் பேசுவீர்களா என்று கேளுங்கள். இல்லையென்றால் தொனியை மாற்றி எழுதுங்கள்.

செய்து பார்த்தால் இப்படி வரும்:

> வந்தது: "நீயெல்லாம் மீட்டிங்ல வாயைத் திறக்காம இருந்தாலே போதும்."
> செய்தி: கேட்ட கணக்குக்கு உடனே பதில் சொல்ல முடியவில்லை.
> மாற்றியது: "குட்டிம்மா, அந்தக் கணக்கு கையில இல்ல, தடுமாறிட்டே. நாளைக்கு ஒரு தாள்ல எழுதி எடுத்துட்டுப் போ."

> வந்தது: "இந்த வயசுல இது தேவையாடா உனக்கு?"
> செய்தி: கணினி வகுப்பில் மற்றவர்களைவிட மெதுவாக முடித்தேன்.
> மாற்றியது: "ராசு, நீ முடிச்சே, கொஞ்சம் நேரமாச்சு. இன்னிக்குச் சொன்னதை வீட்டுல ஒரு தரம் செஞ்சு பாரு."

### இதில் நேரும் மூன்று தவறு

மிகையாகப் புகழ்வது. "நான் எல்லோராலும் நேசிக்கப்படுபவன்" போன்ற வாக்கியங்களைக் கண்ணாடி முன் நின்று சொல்லச் சொல்வார்கள். வாட்டர்லூ பல்கலைக்கழகத்தின் ஜோஆன் வுட்டும் உடன் ஆய்வாளர்களும் 2009-இல் வெளியிட்ட ஆய்வில், தன்மதிப்புக் குறைவாக இருந்தவர்களில் இத்தகைய வாக்கியத்தைச் சொன்னவர்கள், சொல்லாதவர்களைவிட மோசமாக உணர்ந்தார்கள். நம்ப முடியாததைச் சொன்னால் உள்ளேயிருந்து மறுப்பு கிளம்புகிறது. நீங்கள் நம்பக்கூடியதையே சொல்லுங்கள்.

வேறொருவர் வாக்கியத்தைக் கடன் வாங்குவது. சுவரொட்டி வாசகமும் வாட்ஸ்அப் பொன்மொழியும் நாக்கில் ஒட்டாது. உங்கள் வீட்டுப் பேச்சில் வராத வாக்கியம் நெருக்கடியில் நினைவுக்கும் வராது.

அன்பு என்ற பெயரில் சாக்குச் சொல்வது. "உன் மேல தப்பே இல்ல கண்ணு" என்று எப்போதும் சொன்னால் அது நான்காம் படியைத் தாண்டிவிடுவதாகும். தப்பு இருந்தால் தப்பு என்றே சொல்லுங்கள். பிள்ளையிடம் பொறுமையான தாத்தா சொல்வதுபோல் சொல்லுங்கள்.

## சுழல் பேச்சுக்குத் தனி வழி

'சு' போட்ட வரிகளுக்கு மாற்று வாக்கியம் மட்டும் போதாமல் போகலாம். அதை அதட்டி நிறுத்தவும் முடியாது. 1987-இல் டேனியல் வெக்னர் குழுவினர் சிலரிடம் ஐந்து நிமிடம் வெள்ளைக் கரடியை நினைக்க வேண்டாம் என்று சொன்னார்கள். நினைத்தால் மணி அடிக்க வேண்டும். மணி அடித்துக்கொண்டே இருந்தது. பிறகு நினைக்கலாம் என்று சொன்னதும், முதலிலிருந்தே நினைக்க அனுமதி பெற்றவர்களைவிட இவர்கள் அதிகமாக நினைத்தார்கள். "நினைக்காதே" என்பதும் நினைவூட்டல்தான். அதனால் சுழலுக்கு நேரம் ஒதுக்குவோம், அல்லது தாளில் இறக்குவோம்.

### வழி அ: கவலை நேரம்

1. தினமும் ஒரே நேரம், ஒரே இடம் என்று அரை மணி ஒதுக்குங்கள். மாலை 6 மணி, மொட்டை மாடி என்பதுபோல். படுக்கையும் படுக்கும் நேரமும் வேண்டாம்.
2. பகலில் சுழல் தொடங்கினால் இரண்டு சொல்லில் குறித்துக்கொண்டு, "சாயங்காலம் பேசுவோம்" என்று சொல்லுங்கள். சொன்னபடி கையிலுள்ள வேலைக்குத் திரும்புங்கள்.
3. நேரம் வந்ததும் குறிப்பை எடுத்து ஒவ்வொன்றாக யோசியுங்கள். செய்ய முடிந்ததற்கு அடுத்த காரியத்தை எழுதுங்கள். செய்ய முடியாததற்குப் பக்கத்தில் "என் கையில் இல்லை" என்று எழுதுங்கள்.
4. அரை மணி முடிந்ததும் எழுந்துவிடுங்கள்.

தாமஸ் போர்கோவெக் 1983-இல் உடன் ஆய்வாளர்களோடு சோதித்த முறை இது. முக்கியமான நிபந்தனை: மாலை சந்திப்பதாகச் சொல்லிவிட்டு ஏமாற்றாதீர்கள். ஏமாற்றினால் அடுத்த நாள் மனம் உங்கள் வார்த்தையை நம்பாது.

### வழி ஆ: எழுதித் தீர்த்தல்

1. தொடர்ந்து நான்கு நாள், தினமும் 15 நிமிடம் தனியாக உட்காருங்கள்.
2. உங்களை அரிக்கும் ஒரு விஷயத்தை, நடந்ததையும் உணர்ந்ததையும் சேர்த்து, நிறுத்தாமல் எழுதுங்கள்.
3. நான்காம் நாள், தேர்ந்தெடுத்த பெயரால் உங்களைக் கூப்பிட்டு அதே விஷயத்தை ஒரு கடிதமாக எழுதுங்கள். (இந்தப் படி நான் சேர்த்தது. எனக்கு உதவியது.)
4. எழுதி முடித்ததும் முகம் கழுவி, சற்று நடந்துவிட்டு வாருங்கள்.

ஜேம்ஸ் பென்னபேக்கர் 1986-இல் சாண்ட்ரா பீல் என்பவரோடு வெளியிட்ட ஆய்வில் மாணவர்கள் நான்கு நாள் இப்படி எழுதினார்கள். எழுதிய உடனே மனம் கனத்தது. ஆனால் அடுத்து வந்த மாதங்களில், சாதாரண விஷயங்களை எழுதியவர்களைவிட அவர்கள் மருத்துவ மையத்துக்குக் குறைவாகவே போனார்கள். ஆகவே எழுதியதும் அழுகை வந்தால் திகைக்க வேண்டாம். ஆனால் எழுதும்போது மூச்சு முட்டினால், உடம்பு நடுங்கினால், நடந்தது மறுபடி நடப்பதுபோல் தோன்றினால், அந்த இடத்திலேயே பேனாவைக் கீழே வையுங்கள். அதைத் தனியாகச் சுமக்க வேண்டாம். ஆற்றுப்படுத்துநரின் துணையோடு தொடருங்கள்.

## எப்போது உதவி தேட வேண்டும்

இரண்டு வாரத்துக்கு மேல் தூக்கமோ சாப்பாடோ கெட்டிருந்தால், தீர்ப்புப் பேச்சு நாள் முழுவதும் ஓயவில்லை என்றால், வேலைக்கோ வகுப்புக்கோ போக முடியவில்லை என்றால் மனநல மருத்துவரையோ உளவியலாளரையோ பாருங்கள். இந்த நோட்டைக் கையோடு எடுத்துப் போங்கள். "என்ன பிரச்சினை?" என்று கேட்டால் எங்கே தொடங்குவது என்று தெரியாமல் திணறுவோம். உங்கள் சொந்தச் சொல்லில் எழுதிய பத்து வரி அங்கே பெரிய உதவி.

## 21 நாள் ஒரு பார்வையில்

- நாள் 1–6: மூன்று அலாரம், மூன்று குறிப்பு. திருத்தம் கூடாது.
- நாள் 7: தரம் பிரித்தல், அழைப்புச் சொற்களை எண்ணுதல்.
- நாள் 8–10: மூன்று செயலுக்குச் சுட்டிச் சொல்லுதல்.
- நாள் 11–14: புதிய வேலை ஒன்றை ஐந்து படியில் பழகுதல்.
- நாள் 15: பெயர் தேர்வு.
- நாள் 16–20: நாளுக்கு ஒரு தீர்ப்பு வரியைத் திருப்பி எழுதுதல். சுழல் இருந்தால் கவலை நேரமும் சேரும். எழுதித் தீர்த்தலைத் தேர்ந்தெடுத்தால் அது நாள் 17 முதல் 20 வரை.
- நாள் 21: முதல் நாள் போலவே மூன்று அலாரம் வைத்துக் கேட்டு எழுதுதல்.

21-ஆம் நாள் இரவு, முதல் நாள் பக்கத்தையும் அன்றைய பக்கத்தையும் அருகருகே வையுங்கள். வசவு முற்றிலும் போயிருக்காது. என்னுடையதிலும் "மண்டு" இன்னும் எட்டிப் பார்க்கிறது. அழைப்புச் சொற்களை மட்டும் ஒப்பிடுங்கள். ஓர் இடத்திலாவது மாறியிருந்தால் பழக்கம் வேர்பிடித்திருக்கிறது என்று பொருள்.

கடைசி வேலை ஒன்று உண்டு. நோட்டின் பின்னட்டை உள்பக்கத்தில், நீங்கள் அடுத்த முறை தடுமாறும்போது உங்களுக்குச் சொல்ல வேண்டிய ஒரு வாக்கியத்தை உங்கள் வீட்டுப் பேச்சில், உங்கள் பெயர் போட்டு எழுதுங்கள். இப்போதே ஒரு முறை வாய்விட்டுச் சொல்லுங்கள். தேவைப்படும் நாளில் அதை உங்கள் காது அடையாளம் கண்டுகொள்ள வேண்டும்.